இந்தியா 96, பிரான்ஸ் 25, சிங்கப்பூர் 3: ரேங்க்கை வைத்து ஊழலை ஒப்பிடலாமா?

மஞ்சக்குப்பம் வாசகர்:
கடலூரில் ஒரு வாசகர் வட்டத்தில் 'அரசியல் ஊழல்: மூன்று நாடுகள்' என்று ஒரு மணி நேரம் பேச வேண்டும். நம் பக்கத்து ஆட்கள் நிறையப் பேர் சிங்கப்பூரில் வேலை பார்ப்பதால் அது ஒன்று. புதுச்சேரியிலிருந்து பிரெஞ்சுக் குடியுரிமை உள்ளவர்கள் சிலர் வருவார்கள், அதனால் பிரான்ஸ். மூன்றாவது இந்தியா. கையில் இருப்பது ட்ரான்ஸ்பரன்சி இன்டர்நேஷனல் என்ற ஊழல் எதிர்ப்பு அமைப்பின் 2024 ஊழல் குறியீட்டுப் பட்டியல் (மதிப்பெண் 100க்கு, கூடினால் ஊழல் குறைவு என்று பொருள்): சிங்கப்பூர் 84 மதிப்பெண், 3ஆம் இடம். பிரான்ஸ் 67, 25ஆம் இடம். இந்தியா 38, 96ஆம் இடம். 2022இல் நாம் 85ஆம் இடத்தில் இருந்தோம். 'இரண்டே ஆண்டில் 11 படி சறுக்கல்' என்று ஒரு ஸ்லைடு போட்டிருக்கிறேன். இது நிற்குமா? வேறு எதை வைத்து ஒப்பிடுவது?

கெடிலக்கரை:
நிற்காது, எடுத்துவிடுங்கள். இந்தியாவின் மதிப்பெண் 2022இல் 40, 2023இல் 39, 2024இல் 38. இரண்டு மதிப்பெண் வித்தியாசமெல்லாம் பிழை வரம்புக்குள், அதாவது கணிப்பு முன்பின் தவறக்கூடிய அளவுக்குள், அடங்கிவிடும். பட்டியலின் நடுவில் நாடுகள் நெருக்கியடித்து நிற்கின்றன. 2023இல் ஒரே ஒரு மதிப்பெண் குறைந்ததற்கு 85இலிருந்து 93க்குப் போனோம். ரேங்க்கை விட்டுவிட்டு மதிப்பெண்ணைச் சொல்லுங்கள், கூடவே பிழை வரம்பையும் சொல்லுங்கள். அவர்கள் தரும் எக்செல் கோப்பிலேயே அதற்குத் தனிப் பத்தி உண்டு.

பழைய எண்களையும் சேர்த்து 1995இலிருந்து ஒரே கோடாக வரைந்துவிடாதீர்கள். 2011 வரை 10க்கு மதிப்பெண், 2012இலிருந்து 100க்கு. பத்தால் பெருக்கிவிட்டால் போதும் என்று பலர் நினைக்கிறார்கள். கணக்கிடும் முறையே மாறிவிட்டதால் அந்தப் பெருக்கலுக்குப் பொருள் கிடையாது.

அடுத்தது, இந்தக் குறியீடு எதை அளக்கிறது என்பது. 13 தரவுத் தொகுப்புகள், ஒரு நாட்டுக்குக் குறைந்தது 3 கிடைத்தால்தான் பட்டியலில் இடம். எல்லாமே அரசுத் துறை பற்றி வல்லுநர்களும் தொழில் துறையினரும் வைத்திருக்கும் கருத்து. பட்டா மாறுதலுக்குத் தாலுகா ஆபீசில் காத்திருப்பவரை இதற்காக யாரும் கேட்பதில்லை. அவரைக் கேட்பது அதே அமைப்பின் இன்னொரு சர்வே. அதன் 2020 ஆசியப் பதிப்பில், முந்தைய 12 மாதத்தில் அரசு சேவைக்குப் போனவர்களில் லஞ்சம் கொடுத்ததாகச் சொன்னவர்கள் இந்தியாவில் 39 சதவீதம், ஜப்பானில் 2 சதவீதம். ஆசியாவில் நாம்தான் முதலிடம். ஆனால் சிங்கப்பூர் அந்தப் பதிப்பில் இல்லை, பிரான்சுக்கு ஐரோப்பியப் பதிப்பு தனி. ஆகவே உங்கள் மூன்று நாட்டையும் அதில் பக்கத்தில் பக்கத்தில் வைக்க முடியாது. வெட்டி ஒட்டினால் கூட்டத்தில் யாராவது ஒருவர் பிடித்துவிடுவார்.

வில்லியனூரான்:
எண்ணை ஓரமாக வைத்துவிட்டு ஒரே மாதிரிக் குற்றத்தை எடுத்துக்கொள்ளுங்கள். புகார் வந்ததிலிருந்து தீர்ப்பு வரை வழக்கை எந்தெந்த இடத்தில் யார் நிறுத்த முடியும் என்று பாருங்கள். அதுதான் உருப்படியான ஒப்பீடு.

இந்த விஷயத்தில் இந்தியாவும் சிங்கப்பூரும் ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகள். சிங்கப்பூர் குற்றவியல் சட்டம் நம் 1860 இந்தியத் தண்டனைச் சட்டத்தைப் பார்த்து எழுதியது, பிரிவு எண்கள்கூட ஒன்றுதான். முன்னாள் அமைச்சர் ஈஸ்வரன் தண்டிக்கப்பட்டது அங்கே பிரிவு 165இல்: தன் அலுவலோடு தொடர்புள்ளவரிடம் விலையுள்ள பொருளை இலவசமாகப் பெறுவது. நம்மிடமும் 165 இருந்தது. 1988 ஊழல் தடுப்புச் சட்டம் வந்தபோது அதன் 11ஆம் பிரிவாக இடம் மாறியது.

இனி காலக்கணக்கு. ஈஸ்வரன் 2023 ஜூலையில் கைதானார், 2024 ஜனவரியில் குற்றம் சாட்டப்பட்டார், 2024 அக்டோபரில் 12 மாதச் சிறை. மொத்தம் 15 மாதம். இங்கே ஒரு கவனம் வேண்டும். மொத்தக் குற்றச்சாட்டு 35. அவர் ஒப்புக்கொண்டது 5: நான்கு 165இன் கீழ், ஒன்று நீதி விசாரணைக்கு இடையூறு செய்தது. அந்நாட்டு ஊழல் தடுப்புச் சட்டத்தில் போட்டிருந்த இரண்டு குற்றச்சாட்டுகளை அரசுத் தரப்பே 165ஆக மாற்றிக்கொண்டது. ஆகவே மேடையில் 'லஞ்ச வழக்கில் தண்டனை' என்று சொல்லாதீர்கள்.

நம் பக்கத்தில் ஜெயலலிதா சொத்துக்குவிப்பு வழக்கு: 1996இல் புகார், 2014 செப்டம்பரில் தண்டனை, 2015 மே மாதம் உயர் நீதிமன்றத்தில் விடுதலை, 2017 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் விசாரணை நீதிமன்றத் தீர்ப்பை மீட்டது. அதற்குள் முதல் குற்றவாளி இறந்தே போனார்.

இழுபறிக்கு நம் சட்டத்திலேயே இடம் இருக்கிறது. ஊழல் தடுப்புச் சட்டத்தின் பிரிவு 19இன்படி வழக்குத் தொடர அரசின் அனுமதி தேவை. மூன்று மாதத்துக்குள் முடிவு செய்ய வேண்டும், இன்னும் ஒரு மாதம் நீட்டிக்கலாம் என்று 2018இல் எழுதினார்கள். அதே திருத்தத்தில் 17ஏ வந்தது: அலுவல் முடிவு பற்றிய புகார் என்றால் விசாரணையைத் தொடங்கவே முன் அனுமதி. கையும் களவுமாகப் பிடிப்பதற்கு மட்டும் விலக்கு. விளைவு என்ன? ரசாயனப் பொடி தடவிய நோட்டோடு கிராம நிர்வாக அலுவலர் சிக்குவார். கோப்பில் கையெழுத்துப் போட்டு கான்ட்ராக்டைத் திருப்பிவிட்டவரைத் தொட முதலில் கடிதம் எழுத வேண்டும். சிங்கப்பூரிலும் ஊழல் புலனாய்வுத் துறை பிரதமரின் கீழ்தான். ஆனால் பிரதமர் மறுத்தாலும் அதிபர் இசைந்தால் விசாரிக்கலாம் என்று 1991இல் அரசியல் சாசனத்திலேயே வழி வைத்தார்கள்.

உள்ளூர் உதாரணம் வேண்டுமென்றால் முள்ளோடை எல்லையைக் காட்டுங்கள். புதுச்சேரி யூனியன் பிரதேசம் என்பதால் சிபிஐ நேரடியாக வழக்குப் பதியலாம். கடலூர் பக்கம் வந்தால் மாநில லஞ்ச ஒழிப்புத் துறைதான். சிபிஐ மாநிலத்துக்குள் விசாரிக்க முன்கூட்டியே தந்திருந்த பொது இசைவைத் தமிழ்நாடு 2023 ஜூனில் திரும்பப் பெற்றுவிட்டதால் சிபிஐ உள்ளே வர மாநிலத்தின் தனி இசைவோ நீதிமன்ற உத்தரவோ வேண்டும். நாடுகளை ஒப்பிடும் முன் இதைக் காட்டினால் கூட்டத்துக்குச் சட்டென்று பிடிபடும்.

முத்தியால்பேட்டை:
வில்லியனூர் ஐயா சொன்னதோடு பிரான்ஸ் பகுதியைச் சேர்க்கிறேன். மெதுவான நீதிமன்றம் நம் தனிச்சொத்து இல்லை. முன்னாள் பிரெஞ்சு அதிபர் சார்கோசி தேர்தலுக்கு லிபியாவிடம் பணம் தேடியதாகச் சொல்லும் வழக்கில் புலன்விசாரணை தொடங்கியது 2013, விசாரணை நீதிமன்றத் தீர்ப்பு 2025 செப்டம்பர். சதிக் குற்றத்துக்கு ஐந்தாண்டு. ஊழல் குற்றச்சாட்டிலிருந்து விடுவித்துவிட்டார்கள். அவர் மேல்முறையீடு செய்திருக்கிறார், பேச்சுக்கு முதல் நாள் நிலவரம் பார்த்துக்கொள்ளுங்கள். 2021இல் தண்டிக்கப்பட்ட ஒட்டுக்கேட்பு வழக்கு (நீதிபதியை வளைக்க முயன்றது தொலைபேசி ஒட்டுக்கேட்பில் சிக்கியது) வேறு. அது 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் வரை உறுதியாகிவிட்டது. இரண்டையும் குழப்பாதவர்கள் குறைவு.

பிரான்சில் கவனிக்க வேண்டியது குற்றத்தின் வரையறை. டெண்டர் விதியை மீறி ஒருவருக்குச் சலுகை காட்டினாலே குற்றம். பணம் கைமாறியதை நிரூபிக்கத் தேவையில்லை. இரண்டாண்டுச் சிறை, 2,00,000 யூரோ அபராதம் வரை போகும். நம் சட்டத்தில் இதற்குக் கிட்டத்தில் இருந்தது 13(1)(டி): பொதுநலன் இல்லாமல் இன்னொருவருக்கு ஆதாயம் தேடித் தருவது. அதை 2018 திருத்தம் நீக்கிவிட்டது. நேர்மையான அதிகாரிகள் முடிவெடுக்கவே பயப்படுகிறார்கள் என்பது அதற்குச் சொன்ன காரணம். அதில் கொஞ்சம் நியாயமும் உண்டு. ஆனால் 'பிரான்சில் இத்தனை மேயர்கள் மீது வழக்கு, இந்தியாவில் இத்தனை' என்று எண்ணிப் போட்டால் தப்புக் கணக்காகிவிடும். அங்கே வழக்காவது இங்கே தணிக்கைக் குறிப்போடு முடிந்துவிடும்.

தேர்தல் பணத்துக்குத் தனியாகப் பத்து நிமிடம் ஒதுக்குங்கள். பிரான்சில் 1995 முதல் நிறுவனங்கள் கட்சிக்கோ வேட்பாளருக்கோ கொடுக்கக் கூடாது. தனிநபர் ஒரு தேர்தலுக்கு 4,600 யூரோ, கட்சிக்கு ஆண்டுக்கு 7,500 யூரோ. 5 சதவீத வாக்குத் தாண்டிய அதிபர் வேட்பாளருக்கு செலவு உச்சவரம்பில் 47.5 சதவீதம் வரை அரசே திருப்பித் தரும். தேர்தல் செலவுக் கணக்கு நிராகரிக்கப்பட்டால் அந்தப் பணம் போச்சு. சார்கோசியின் 2012 கணக்குக்கு 2013இல் அதுதான் நடந்தது.

இந்தியாவில் வேட்பாளருக்கு வரம்பு உண்டு, கட்சிக்குக் கிடையாது. 2022இல் வைத்த வரம்பின்படி சட்டமன்ற வேட்பாளருக்குப் புதுச்சேரியில் 28 லட்சம், தமிழ்நாட்டில் 40 லட்சம். புதுச்சேரியில் 30 தொகுதி, சுமார் பத்து லட்சம் வாக்காளர். தொகுதிக்கு 33,000 என்று வையுங்கள். அதில் பாதிப் பேருக்கு ஆளுக்கு 500 ரூபாய் என்றாலே 82.5 லட்சம், வரம்பைப் போல மூன்று மடங்கு. கடலூர் தொகுதியில் வாக்காளர் இரண்டு லட்சத்துக்கு மேல், அதே கணக்கு ஐந்து கோடியைத் தாண்டும். இந்தப் பணம் எந்தக் கணக்கிலும் வராது. ஜெயித்தவர் அதை எங்கிருந்து எடுப்பார் என்ற கேள்வியில்தான் கான்ட்ராக்ட் ஊழல் தொடங்குகிறது. தேர்தல் பத்திரத்தையும் விடாதீர்கள்: 2018இல் வந்தது, 2024 பிப்ரவரி 15இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. யார் கொடுத்தார்கள் என்பது அந்தத் தீர்ப்புக்குப் பிறகுதான் வெளியே வந்தது.

தேவனாம்பட்டினம்:
எல்லாரும் நல்லா சொல்லிட்டீங்க, ஒண்ணு விட்டுப்போச்சு. அந்தப் பட்டியல்ல மேல இருக்கிற நாடு தன் வீட்டு ஊழலத்தான் கம்மியா வெச்சிருக்கு, அடுத்தவன் வீட்டுப் பணம் அங்க வராதுன்னு அர்த்தமில்ல. 2024ல டென்மார்க் 90 மார்க்கோட முதலிடம். அவங்க டான்ஸ்கே வங்கியோட எஸ்தோனியா கிளை வழியா 2007லேர்ந்து 2015 வரைக்கும் சுமார் 200 பில்லியன் யூரோ சந்தேகப் பணம் ஓடியிருக்கு. சிங்கப்பூர் மூணாவது. மலேசியாவோட அரசு முதலீட்டு நிறுவனம் 1எம்டிபிலேர்ந்து சுருட்டின பணம் போன வழியில அங்க இருந்த பிஎஸ்ஐ வங்கியும் உண்டு, 2016ல இழுத்து மூட வெச்சாங்க. நிதி ரகசியக் குறியீடுன்னு ஒண்ணு இருக்கு, பணத்த ஒளிச்சு வைக்க எந்த நாடு அதிகமா இடம் கொடுக்குதுன்னு சொல்றது, 2022ல அமெரிக்கா முதல், சுவிட்சர்லாந்து ரெண்டு, சிங்கப்பூர் மூணு. ரெண்டு பட்டியலையும் ஒரே ஸ்லைடுல போடுங்க, சபை கொஞ்சம் நிமிர்ந்து உட்காரும்.

மஞ்சக்குப்பம் வாசகர்:
அனைவருக்கும் நன்றி. அப்படியென்றால் ரேங்க் ஸ்லைடுக்குப் பதிலாக ஓர் அட்டவணை போடுகிறேன். எந்தெந்தப் பத்தி? அமெரிக்காவையும் சேர்க்கலாமா?

வில்லியனூரான்:
நான்கு பத்தி போதும்: எது குற்றம், வழக்குக்கு யார் அனுமதி, தொடக்கத்திலிருந்து தீர்ப்பு வரை எத்தனை மாதம், தேர்தல் பணத்துக்கு வரம்பு. காலக்கணக்கில் கைது, குற்றச்சாட்டு, முதல் தீர்ப்பு, இறுதித் தீர்ப்பு என்று நான்கு தேதியையும் எழுதுங்கள். ஒரு நாட்டுக்கு முதல் தீர்ப்பும் இன்னொன்றுக்கு இறுதித் தீர்ப்பும் எடுத்தால் கணக்கு கெட்டுவிடும். ஈஸ்வரன் குற்றத்தை ஒப்புக்கொண்டதால் அவர் வழக்கு சீக்கிரம் முடிந்தது, அதையும் அடிக்குறிப்பில் போடுங்கள்.

அமெரிக்காவை முழுதாகச் சேர்த்தால் நேரம் போதாது. முதல் பத்திக்கு மட்டும் ஒரு வழக்கு எடுத்துக்கொள்ளலாம். இண்டியானா மாநிலத்தில் ஒரு சிறு நகர மேயர், குப்பை லாரி ஒப்பந்தம் கொடுத்து முடித்தபின் அந்த நிறுவனத்திடம் 13,000 டாலர் வாங்கினார். வேலை முடிந்தபின் வாங்கும் சன்மானம் அவர் மீது போட்ட கூட்டாட்சி லஞ்சச் சட்டத்தில் வராது என்று 2024இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நம் ஊழல் தடுப்புச் சட்டத்தின் பிரிவு 7 முறைகேடாகச் செய்த வேலைக்குப் பின்னால் வாங்கும் வெகுமதியையும் சேர்த்தே பிடிக்கிறது.