காட்ஃப்ரே தாத்தாவாக வந்த ஆர்னல்ட் ரிட்லி: எங்கள் அனுபவங்கள்

எங்கள் முதியோர் இல்லத்தில் சனிக்கிழமை பின்னேரம் தேத்தண்ணி கொடுத்து முடிந்ததும் ரிவியில் பிபிசி இரண்டைப் போட்டுவிட வேண்டும். ‘டாட்ஸ் ஆர்மி’ பழைய பாகங்கள் போகும். 1968 முதல் 1977 வரை வந்த நகைச்சுவைத் தொடர். இரண்டாம் உலகப் போரில் ஹிட்லரின் படை கடல் தாண்டி வந்தால் மறிப்பதற்கென்று கரையோர ஊரொன்றில் திரட்டிய ஊர்க்காவல் படையின் கதை. படையில் பலரும் கிழவர்கள்.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் அவர்கள் பேசும் இங்கிலிஷ் எனக்குப் பாதிதான் விளங்கும். காட்ஃப்ரேயை மட்டும் முதல் நாளே விளங்கிவிட்டது. நரைத்த தலை, பூப்போலக் குரல். அணிவகுப்பு நடக்கும்போதே கப்டனிடம் பணிவாகக் கேட்டுக்கொண்டு கழிப்பறைக்குப் போவார். எல்லோரும் சிரிப்பார்கள். எனக்குச் சிரிப்பு வராது. அப்படித் தயங்கித் தயங்கிக் கேட்பவர்களைக் கைபிடித்து ஒரு நாளைக்குப் பத்துத் தரம் கூட்டிக்கொண்டு போகிறவள் நான். அந்த முகம் எனக்குத் தெரிந்த முகம்.

ஒருநாள் பக்கத்துக் கதிரையில் இருந்த பெரியவர், பழைய ஆமிக்காரர், “அவருடைய இடது கையைக் கவனி” என்றார். அதற்குப் பிறகுதான் காட்ஃப்ரேயாக நடித்த ரிட்லியைப் பற்றித் தேடித்தேடி வாசித்தேன். 1896இல் பாத் நகரில் பிறந்தவர். தகப்பனுக்குச் சப்பாத்துக் கடை. 1916இல், முதல் உலகப் போரில், பிரான்சின் சொம் போர்க்களத்தில் அந்தக் கை சிதைந்து ஏறக்குறைய உதவாமல் போனது. தலையில் துப்பாக்கிப் பிடியால் அடி, தொடை இடுக்கில் துப்பாக்கி ஈட்டிக் குத்து. வயது 20. தலையடியால் பின்னாளிலும் திடீரென்று நினைவு தப்பிவிடும். போர் முடிந்து பர்மிங்ஹாமில் நாடகக் குழுவொன்றில் சேர்ந்தார். காயங்கள் விடவில்லை, சப்பாத்துக் கடைக்கே திரும்பினார். இவ்வளவும் பட்டவர் 1939இல் மறுபடி ராணுவத்துக்குப் போயிருக்கிறார்! 1940இல் பிரான்சிலிருந்து உயிர் தப்பி வந்து, உடம்பு சரியில்லையென்று விடுவிக்கப்பட்ட பிறகு உண்மையிலேயே ஊர்க்காவல் படையிலும் இருந்தார். தொடரில் நடிக்க வந்தபோது வயது 72.

1969இல் வந்த ஒரு பாகத்தைச் சொல்லாமல் விட மனமில்லை. முதல் உலகப் போரில் தான் ஆயுதம் எடுக்க மறுத்தவன் என்று காட்ஃப்ரே ஒப்புக்கொள்கிறார். அதோடு படையில் ஒருவரும் அவரோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை. பிறகு, புகை நிறைந்த குடிசைக்குள் பயிற்சி நடக்கும்போது கப்டன் உள்ளே மாட்டிக்கொள்ள, இந்தக் கிழவர்தான் போய் இழுத்து வருகிறார். படுக்கையில் கிடப்பவரைப் பார்க்க எல்லோரும் வீட்டுக்குப் போனால், சுவரில் ஒரு படம், அதில் மார்பில் பதக்கம். சொம்மில் குண்டு மழைக்குள் போய்க் காயம்பட்டவர்களைத் தூக்கி வந்ததற்குக் கிடைத்தது. அதே சொம்மில் தன் கை உதவாமல் போன மனிதன், அங்கே துப்பாக்கி தூக்காதவனாக நடிக்கிறார். கட்டிலில் சாய்ந்திருக்கும் அந்த முகத்தில் ஒரு பெருமிதமும் இல்லை, எல்லோருக்கும் தொந்தரவு கொடுத்துவிட்டோமே என்ற கூச்சம்தான். பக்கத்துக் கதிரைப் பெரியவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தார். நான் பார்க்காததுபோல் இருந்துவிட்டேன்.

*

அக்கா, நீங்கள் எழுதியதைப் படித்ததும் நானும் சொல்ல வேண்டும் என்று தோன்றியது. பிரிஸ்டலிலிருந்து பாத் வரைக்கும் பழைய ரயில் பாதையைச் சைக்கிள் பாதையாக்கியிருக்கிறார்கள். அந்த வழியில் மாங்கோட்ஸ்ஃபீல்ட் ஸ்டேஷனின் பிளாட்பாரமும் இடிந்த சுவர்களும் இன்னும் நிற்கின்றன. தினமும் அதைக் கடந்துதான் வேலைக்குப் போகிறேன். இளவயதில் ரிட்லி அந்த ஸ்டேஷனில் ரயிலுக்காக மாட்டிக்கொண்டு காத்திருந்திருக்கிறார். எக்ஸ்பிரஸ் வண்டிகள் பக்கத்திலிருந்த வளைவுப் பாதையில் ஸ்டேஷனைத் தொடாமல் போய்விடும். சத்தம் மட்டும் நெருங்கி வரும், தடதடவென்று கடக்கும், தேய்ந்து போகும். கண்ணெதிரே ரயிலே இருக்காது. அந்தச் சத்தத்திலிருந்து பிறந்ததுதான் அவர் எழுதிய ‘தி கோஸ்ட் ட்ரெயின்’ நாடகம். 1925இல் லண்டன் மேடையேறி அறுநூறு காட்சிகளுக்கு மேல் ஓடியது. ஆமாம், காட்ஃப்ரே தாத்தா நாடக ஆசிரியர்! ஊர் ஊருக்கு இருக்கும் பொழுதுபோக்கு நாடகக் குழுக்கள் அதைத் திரும்பத் திரும்பப் போட்டன. ஆனால் அவர் தொடங்கிய படக் கம்பெனி நொடித்து, கடன் கழுத்தை நெரித்தபோது, அந்தக் குழுக்கள் அதைப் போடுவதற்கான உரிமையை விற்றுவிட்டிருந்தார். அதை நினைத்தால் எனக்கு ஆறவே மாட்டேன் என்கிறது. எழுபது வயதுக்கு மேலும் அவர் சம்பளத்துக்கு நடிக்க வேண்டியிருந்ததற்கு இதுவும் ஒரு காரணம் என்றுதான் நினைக்கிறேன். இருட்டிய பிறகு அந்தப் பிளாட்பாரத்தில் சைக்கிளை நிறுத்திக் கொஞ்ச நேரம் காது கொடுத்துக் கேட்டுவிட்டுத்தான் கிளம்புவேன்.

*

தெட்ஃபர்டுக்குப் போன கோடையில் போயிருந்தோம். ‘டாட்ஸ் ஆர்மி’யின் வெளிப்புறக் காட்சிகளை நிறைய அங்கேதான் எடுத்தார்கள். சின்னதாக ஒரு மியூசியமும் உண்டு. பெஞ்சில் உட்கார்ந்திருக்கும், தொடரில் வரும் கேப்டன் மேன்வாரிங் சிலைக்குப் பக்கத்தில் என் மகளை உட்காரவைத்துப் படம் எடுத்தேன். அவளுக்கு ஒன்றும் பிடிபடவில்லை. ‘ஸ்டார் வார்ஸ்’ படங்களில் ரே-யாக வரும் டெய்சி ரிட்லியின் தாத்தாவோடு கூடப்பிறந்தவர்தான் இந்தத் தொடரில் காட்ஃப்ரே என்று சொன்னதும் எழுந்து நின்றுவிட்டாள். “அப்போ அவருக்குச் சிலை எங்கேப்பா?” என்று கேட்டபடி அந்தப் பெஞ்சைச் சுற்றிச் சுற்றி வந்தாள்.

*

தம்பி, அந்த ஸ்டேஷனைப் பற்றி எழுதியதற்கு நன்றி. ஒன்று சொல்ல மறந்துவிட்டேன். 1982இல் ரிட்லிக்கு ஓ.பி.ஈ. என்ற பிரிட்டிஷ் அரச விருது கொடுத்தார்கள். கடைசிக் காலத்தில் நோர்த்வூட்டில், ஓய்வுபெற்ற நடிகர்களுக்கான டென்வில் ஹோல் இல்லத்தில் இருந்தார். அங்கே ஒருநாள் விழுந்து, 1984இல் மருத்துவமனையில் இறந்தபோது வயது 88. விழுந்தார் என்று வாசித்தபோது எனக்கு நெஞ்சு திக்கென்றது. எங்கள் இல்லத்தில் நாங்கள் இரவெல்லாம் பயந்துகொண்டிருப்பது அந்த ஒன்றுக்குத்தான். அங்கேயும் அவருக்கு யாரோ ஒருத்தி தேத்தண்ணி கொடுத்திருப்பாள், கைபிடித்து நடத்திக்கொண்டு போயிருப்பாள். எந்தக் கையைப் பிடிக்கக் கூடாது என்று அவளுக்குத் தெரிந்திருக்கும்.