பொருள்: ‘ஷ்னிட்’ – தமிழில் என்ன? (வியாழன் காலைக்குள் வேண்டும்)

அன்பர்களுக்கு வணக்கம்.

எங்கள் திரைப்படச் சங்கத்தில் ஜெர்மன் இயக்குநர் விம் வெண்டர்ஸின் படங்களைத் திரையிடுகிறோம். அவற்றில் பலவற்றுக்குப் படத்தொகுப்பு செய்த பீட்டர் பிஷிகோடாவைப் (1941–2011) பற்றி ஒரு பக்கக் குறிப்பு எழுதுகிறேன். பெர்லினில் பிறந்தவர். 1970இல் வெண்டர்ஸின் முதல் முழுநீளப் படத்திலிருந்து 2008இல் ‘பலேர்மோ ஷூட்டிங்’ வரை அவரோடு உழைத்தவர். இடையில் ‘காத்தரினா புளூமின் இழந்த மானம்’ (1975) போன்ற பிறர் படங்களும் உண்டு.

ஜெர்மன் படங்களின் பெயர்ப்பட்டியலில் ‘ஷ்னிட்’ என்று போடுகிறார்கள். பொருள்: வெட்டு. நாமோ தொகுப்பு என்கிறோம். இறந்துகொண்டிருந்த இயக்குநர் நிக்கலஸ் ரேயைப் பற்றிய படத்தைப் பிஷிகோடா ஒருவிதமாக அமைத்தார். அது 1980இல் கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. பிறகு வெண்டர்ஸ் அதே படத்தை வேறுவிதமாக அமைத்தார். ‘இரண்டு தொகுப்புகள்’ என்று எழுதினால் இரண்டு கவிதை நூல்கள் என்று நினைப்பார்கள். என்ன செய்யலாம்?

– ச., கோவை

—

ச. அவர்களுக்கு,

‘படத்தொகுப்பு’ ஊன்றிவிட்ட சொல், அதை அசைக்காதீர்கள். ‘வெட்டு’ என்றால் நம் வாசகருக்குத் தணிக்கைக் குழுதான் நினைவுக்கு வரும்.

– இரா., சென்னை

—

ஐயா,

தொகுப்பு, வெட்டு இரண்டுமே பாதி உண்மை. நம் யாப்பில் முழுச் சொல் காத்திருக்கிறது: தளை. நின்ற சீரின் ஈறும் வரும் சீரின் முதலும் பொருந்தும் இடமே தளை. ‘மாமுன் நிரை, விளமுன் நேர்’ என்று படித்தோமே, அது என்ன? முந்தியது முடியும் விதம் பிந்தியது தொடங்கும் விதத்தைத் தீர்மானிக்கிறது. படத்தொகுப்பாளர் வேறு என்ன செய்கிறார்?

பிஷிகோடாவின் கைபட்ட ‘பெர்லினின் மேல் வானம்’ (1987) படத்தைப் பாருங்கள். தேவதூதர் காணும் உலகம் கறுப்பு வெள்ளை. மனிதர் காணும் உலகம் வண்ணம். ஒன்று முடிந்து மற்றது தொடங்கும் கணம் எந்தக் காட்சித் துண்டுக்கும் உரியதன்று. அது இரண்டுக்கும் இடையே இருக்கிறது. சட்டகம் (ஃபிரேம்) எழுத்து, காட்சித் துண்டு சீர், வெட்டு தளை, அவர் தளைஞர்.

– அ., திருச்சி

—

அ. ஐயா, உங்கள் விளக்கத்தை நான் வகுப்பில் கட்டாயம் சொல்வேன். ஆனால் என் மாணவர்களுக்குத் தளை என்றால் விலங்கு. ‘தளைகளை அறுத்தெறிவோம்’ என்று முழக்கமிட்டவர்கள். தளைஞர் என்றால் கைதி என்றே எழுதுவார்கள். விளக்கம் சொல்லித்தான் புரியும் என்றால் அது கலைச்சொல்லாகாது.

– வே., மதுரை

—

ஜெர்மனியிலிருந்து ஒரு தகவல். ‘வெட்டு வல்லுநர்’ என்று பொருள்படும் ‘ஷ்னிட்மைஸ்டர்’ இங்கே உண்டு. ஆனால் நெடுங்காலம் பேச்சில் இருந்தது ஆங்கிலத்திலிருந்து வந்த ‘கட்டர்’. இப்போது தொழிலினர் ‘எடிட்டர்’ என்பதையே விரும்புகிறார்கள். வெட்டுவது மட்டுமே வேலை என்ற எண்ணம் அவர்களுக்குப் பிடிக்கவில்லை. படச்சுருளைத் தொகுக்கப் பயன்பட்ட ஸ்டீன்பெக் மேசையில் வெட்டும் கருவியோடு ஒட்டும் நாடாவும் இருந்தது. முதல் வடிவத்தை ‘ரோஷ்னிட்’ என்பார்கள். ‘ரோ’ என்றால் சமைக்காதது. ‘பச்சை வெட்டு’ என்று நாம் சொல்லலாமே!

– கு., டோர்ட்முண்ட்

—

‘பச்சை வெட்டு’ அருமை. ஆனால் பெயரை முதலில் பாருங்கள். மெய் மொழிமுதல் வாராது என்பதால் ‘பி’ சேர்த்தது சரி, ‘ஷி’ எதற்கு? பிசிகோடா போதும். போலிஷ் மொழியில் ‘பிஷிகோதா’ என்றால் சாகசம் என்பதையும் குறிப்பில் சேருங்கள்.

– இரா.

—

நண்பர்களே, அச்சகத்தார் இருமுறை அழைத்துவிட்டார். நால்வர் சொன்னதையும் எண்ணிப் பார்த்து முடிவு செய்துவிட்டேன்: தொழிலுக்குப் ‘படத்தொகுப்பு’, ஒரு படத்தின் வடிவத்துக்கு ‘வெட்டு’, முதல் வடிவத்துக்குப் ‘பச்சை வெட்டு’. ‘ஷி’ இருக்கட்டும், அதை எடுத்தால் ஒலி கெடுகிறது.

– ச.

—

என் மறுப்பைப் பதிவு செய்கிறேன். பிஷிகோடா படத்தொகுப்பு செய்த ‘உலகின் இறுதி வரை’ 1991இல் வெளிவந்தது. அமெரிக்கத் திரையரங்குகளில் 158 நிமிடம் ஓடியது. இயக்குநரின் நீண்ட வடிவம் 287 நிமிடம். நீளமானதை ‘வெட்டு’ என்று எப்படி அழைப்பீர்கள்? அங்கே எந்தத் துண்டுக்குப் பக்கத்தில் எந்தத் துண்டு நிற்கிறது என்பது மாறியது. அதற்குத் தமிழில் தளை என்று பெயர்.

– அ.