தடை நீட்டிக்கப்படாத 11 நாட்கள்

அப்பா சொத்தில் பங்கு கேட்டு அண்ணன் மேல் பாகப்பிரிவினை வழக்குப் போட்டிருந்தேன். வழக்கு நம்பர் ஆன கையோடு அவர் வீட்டை விற்க அட்வான்ஸ் வாங்கிவிட்டார் என்று தெரிந்தது. சிவில் நடைமுறைச் சட்டம், உத்தரவு 39, விதி 1-இன் கீழ் வக்கீல் இடைக்கால மனு போட்டார். எதிர்த்தரப்பைக் கேட்காமலே விற்பனைக்குத் தடை கிடைத்தது. வீட்டில் எல்லோரும் "ஸ்டே வாங்கியாச்சு, இனி கவலையில்லை" என்றார்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன்.

நகலை எடுத்துக்கொண்டு சார் பதிவாளர் அலுவலகத்துக்குப் போனேன். அங்கிருந்தவர் முதல் பக்கத்தைப் பார்த்துவிட்டு, "எங்களைப் பிரதிவாதியா சேர்க்கலையேம்மா, உத்தரவு உங்க அண்ணனுக்குத்தானே" என்றார். அலுவலகத்தின் தபால் பிரிவில் கொடுத்து, இன்னொரு பிரதியில் முத்திரை வாங்கிக்கொண்டு வந்தேன். முத்திரை வைத்த அந்தப் பிரதி பின்னால் உதவியது.

என் தலையில் விழுந்தது வேறு. உத்தரவின் கடைசி வரியில் "அடுத்த வாய்தா வரை" என்று இருந்தது. அந்த வாய்தாவில் நீதிபதி விடுப்பு. பெயரைக் கூப்பிட்டு வேறு தேதி போட்டார்கள். தடையை நீட்டித்ததாக யாரும் எழுதவில்லை, நாங்களும் கேட்கவில்லை. புதுத் தேதிக்கு 11 நாள் இருந்தது. அதற்குள் பத்திர எழுத்தரிடம் கிரயப் பத்திரம் தயாராகிறது என்று சொந்தக்காரர் ஒருவர் போன் செய்தார்.

வழக்கை முன்கூட்டி எடுக்கச் சொல்லி மனு போட்டோம். அதைவிட வேலை செய்தது வாங்க வந்தவருக்கு அனுப்பிய நோட்டீஸ்தான். வழக்கு எண், சர்வே எண், சொத்துரிமை மாற்றுச் சட்டம் 52-ஆம் பிரிவு, இவ்வளவுதான் அதில். வழக்கு நடக்கும்போது வாங்கினால் கிரயம் தானாகச் செல்லாமல் போகாது, ஆனால் வழக்கின் தீர்ப்பு, சொத்தை வாங்கியவரையும் கட்டுப்படுத்தும். தடை இருந்தாலும் இல்லாவிட்டாலும் அந்தப் பிரிவு நிற்கும். அவர் அட்வான்ஸைத் திருப்பிக் கேட்டு ஒதுங்கிக்கொண்டார். இப்போதெல்லாம் ஒவ்வொரு வாய்தா மாலையும் "நீட்டிச்சாச்சா?" என்று வக்கீலைக் கேட்டுவிடுகிறேன். அவருக்கு என் போன் என்றாலே எரிச்சல்.

—

அக்கா, நான் வேறொரு வழக்கில் அந்த வாங்க வந்தவர் இடத்தில் இருந்தவன். எனக்கு நோட்டீஸ் அனுப்ப யாரும் இல்லை. வில்லங்கச் சான்று சுத்தமாக இருந்தது, கிரயம் முடித்துவிட்டேன். வழக்கு நடப்பது எல்லா நேரமும் வில்லங்கச் சான்றில் வராது என்பது அப்புறம்தான் தெரிந்தது. மகாராஷ்டிரத்திலும் குஜராத்திலும் வழக்குப் பற்றிய அறிவிப்பைப் பதிவு செய்தால்தான் 52-ஆம் பிரிவு வாங்கியவரைப் பிடிக்கும் என்று திருத்தம் இருக்கிறதாம். நமக்கு அது இல்லை. "எனக்குத் தெரியாது" என்று சொல்லித் தப்பிக்க முடியவில்லை. இப்போது அந்த வழக்கில் நானும் பிரதிவாதி. அட்வான்ஸ் கொடுக்குமுன் கோர்ட் வழக்குகளைத் தேடும் இ-கோர்ட்ஸ் தளத்தில் விற்பவர் பெயரைப் போட்டுப் பாருங்கள். இனிஷியல் மாற்றி, எழுத்து மாற்றி நாலைந்து தடவை தேடுங்கள்.

—

நான் தடைக்கு அந்தப் பக்கம். என் சொந்தச் சம்பாத்தியத்தில் வாங்கிய மனைக்கு, பங்கு உண்டு என்று சொல்லித் தடை வாங்கிவிட்டார்கள். எதிர்த்தரப்பைக் கேட்காமல் தடை கொடுத்தால், மனு, அபிடவிட் (சத்தியப் பிரமாண வாக்குமூலம்), பிராது எல்லாவற்றின் நகலையும் அன்றே அல்லது மறுநாளே பதிவுத்தபாலில் அனுப்ப வேண்டும் என்கிறது அதே உத்தரவு 39-இன் விதி 3. எனக்கு வந்த கவரில் மனு மட்டும்தான். அதைக் காட்டியும், கிரயப் பத்திரத்தைக் காட்டியும் தடையை நீக்கக் கேட்டோம். 30 நாளில் முடிக்க முயல வேண்டும் என்பது விதி 3ஏ. எனக்கு 7 மாதம் ஆனது. வம்பு வரும் என்று முன்பே தெரிந்திருந்தால் என்னைக் கேட்காமல் உத்தரவு போடக்கூடாது என்று கோர்ட்டில் முன்கூட்டியே கேவியட் மனு போட்டிருப்பேன். அது 90 நாளைக்குத்தான், மறுபடி போட்டுக்கொள்ளலாம்.

—

தம்பி, என் அண்ணன் தடையை மீறி விற்றிருந்தால் விதி 2ஏ-இல் சொத்து ஜப்தி, 3 மாதம் வரை சிவில் சிறை என்று வக்கீல் சொன்னார். நான் அந்த மனுவைப் போடச் சொல்லவில்லை. பத்திரம் பதிவாகவில்லையே. தவிர, அம்மா இன்னும் அவர் வீட்டில்தான் இருக்கிறார்.