"பரிசீலிக்கவும்" என்ற உத்தரவுக்குப் பாயசம் வைத்த கதை

முப்பத்தொரு வருடம் ஒரு மாநிலப் பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்தி ஓய்வு பெற்றவன் நான். மாத ஓய்வூதியம் தாமதமாகவாவது வந்தது. பணிக்கொடையும் (கிராஜுவிட்டி) ஈட்டிய விடுப்புப் பணமும் வரவே இல்லை. நிதி அலுவலர் அறையில் கேட்டால், "சார், ஃபைல் ஆடிட்ல இருக்கு." ஆடிட்டில் கேட்டால், "எங்ககிட்ட ஒண்ணும் இல்லையே சார்." இப்படியே பதினான்கு மாதம்.

முதல் தப்பு என்னுடையது. கோரிக்கை மனுவைத் தெரிந்தவர் என்று ஓர் அதிகாரி கையில் நேரே கொடுத்தேன். அவர் மேசை டிராயரில் போட்டுக்கொண்டார். வழக்கறிஞர் முதலில் கேட்டது, மனு வந்து சேர்ந்ததற்கான தபால் பிரிவு முத்திரையைத்தான். மறுபடி எழுதி, பதிவு அஞ்சலில் அனுப்பி, ஒப்புகை அட்டை வந்த பிறகே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு.

அடுத்த தப்புதான் பெரியது. "என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிட வேண்டும்" என்று மட்டும் கேட்டிருந்தோம். முதல் விசாரணையிலேயே, எட்டு வாரத்தில் பரிசீலிக்கவும் என்று உத்தரவு. வீட்டில் பாயசம் வைத்தார்கள். ஏழாவது வாரம் கடிதம் வந்தது: பரிசீலித்தோம், நிதி வந்ததும் வழங்கப்படும். உத்தரவை அவர்கள் மீறவில்லை. நீதிமன்ற அவமதிப்பு வழக்குக்கும் இடமில்லை.

இரண்டாம் மனுவை வேறொரு வழக்கறிஞர் எழுதினார். உயர்கல்வித் துறைச் செயலரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தார். இல்லாவிட்டால் பல்கலைக்கழகம் அரசைக் கைகாட்டும், அரசு "அது தன்னாட்சி அமைப்பு" என்று ஒதுங்கிக்கொள்ளும். எந்தத் தொகை, எந்தத் தேதிக்குள், எத்தனை சதவீத வட்டி என்று பைசா சுத்தமாகக் கேட்டார். பாக்கி எதுவும் இல்லை என்ற நிலுவையின்மைச் சான்று வரவில்லை என்று அவர்கள் சாக்குச் சொன்னபோது பத்மநாபன் நாயர் வழக்கை எடுத்துக் காட்டினார். கேரளத்தில் கடைசிச் சம்பளச் சான்று தராமல் இழுத்தடித்ததற்காக விதித்த வட்டியை உச்ச நீதிமன்றம் உறுதி செய்த தீர்ப்பு அது. ஓய்வூதியம் யாரும் போடும் பிச்சையல்ல, ஊழியரின் உரிமை என்று 1971-லேயே தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் சொல்லியாயிற்று. இதெல்லாம் வேலையில் இருந்தபோதே தெரிந்திருக்கலாம்.

*

மேலே உள்ளதைப் படித்துவிட்டு எழுதுகிறேன். இன்னும் பணியில் இருக்கும் ஆசிரியன் நான். எங்களுக்கு மூன்று மாதச் சம்பளம் நின்றது. சிலர் தொழிலாளர் அலுவலகத்துக்குப் போனோம். அப்போதிருந்த தொழிற்தகராறு சட்டப்படி ஆசிரியர் 'தொழிலாளர்' ஆக மாட்டார், 1988 சுந்தராம்பாள் வழக்கிலேயே முடிந்த விஷயம் என்று திருப்பி அனுப்பினார்கள். அப்புறம் உயர் நீதிமன்றம்தான். "நிதி இல்லை" என்ற பதிலுக்கு எங்களுக்குக் கைகொடுத்தது ஆந்திர வழக்கு. கொரோனாவைக் காட்டி அந்த அரசு 2020-ல் சம்பளத்தையும் ஓய்வூதியத்தையும் தள்ளிவைத்தது. உயர் நீதிமன்றம் 12 சதவீத வட்டி போட, 2021-ல் உச்ச நீதிமன்றம் அதை 6 ஆகக் குறைத்தது. ஆனால் வட்டியே கிடையாது என்று சொல்லவில்லை. இன்னொன்று: தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி, எந்த மாதம் எவ்வளவு மானியம் வந்தது, எதற்குச் செலவானது என்று கேட்டோம். அந்தப் பதில்தான் எங்கள் மனுவின் முதல் இணைப்பு.

*

நான் சுயநிதிக் கல்லூரியில் இருந்தவள். ஓய்வூதியம் ஏது, பணிக்கொடையாவது தாருங்கள் என்றேன். "டீச்சருக்குக் கிடையாதும்மா" என்றார் மேலாளர். 2009-ல் பணிக்கொடைச் சட்டத்தைத் திருத்தி, 1997 ஏப்ரல் 3 முதலே ஆசிரியர்களையும் சேர்த்துவிட்டார்கள் என்பது அவருக்குத் தெரியாது, அல்லது தெரிந்தே சொன்னார். உயர் நீதிமன்றம் வரை போகாமல் தொழிலாளர் துறையிலேயே முடிந்தது. பணி நியமன ஆணையைப் பத்திரமாக வைத்திருந்தது நல்லதாயிற்று.

*

முதலில் எழுதியவன்தான். எப்படி முடிந்தது என்று கேட்டிருந்தீர்கள். இரண்டாம் மனுவில் நீதிமன்றம் வைத்த கெடு தாண்டியும் பணம் வராததால் அவமதிப்பு மனு போட்டோம். அதற்கு ஒரு வருடம்தான் அவகாசம், மறந்துவிடாதீர்கள். பல்கலைக்கழகப் பதிவாளர் நேரில் ஆஜராக வேண்டிய நாளுக்கு முந்தின சாயங்காலம் வங்கியிலிருந்து குறுஞ்செய்தி வந்தது. அசல் முழுவதும் வந்துவிட்டது. வட்டியை எதிர்த்து மேல்முறையீடு போட்டிருக்கிறார்கள்.