நேற்று ராத்திரி பார்த்த ‘செவன்’

ஜெனி: ‘செவன்’ படம் பார்த்தேன், 1995ல் டேவிட் ஃபின்சர் எடுத்தது. ஏழு தலையான பாவங்களின் பெயரால் ஆட்களைக் கொல்கிறவனை, போலீஸ்காரர்களாக வரும் மார்கன் ஃப்ரீமனும் பிராட் பிட்டும் தேடுகிற கதை. தூக்கமே வரவில்லை. பார்க்காதவர்கள் கீழே படிக்க வேண்டாம், முடிவைச் சொல்லப் போகிறேன்.

அருள் சித்தப்பா: பார்த்திருக்கிறேன்மா. கொலைகாரன் செய்தது தப்புதான். ஆனால் காரில் போகும்போது அவன் பேசுவதைக் கேட்டாயா, தெருவுக்குத் தெரு பாவம் நடக்கிறது, நாம் பார்த்துப் பார்த்துப் பழகிவிட்டோம் என்கிறான். அதில் ஒரு நியாயம் இருக்கிறதே?

ஸ்டெல்லா அத்தை: ஒத்துக்கொள்ள மாட்டேன் தம்பி. அகங்காரம், உலோபித்தனம், மோகம், கோபம், போசனப்பிரியம், காய்மகாரம் என்கிற பொறாமை, சோம்பல் என்று அந்த ஏழையும் கோயில் ஞானோபதேச வகுப்பில் மனப்பாடம் செய்தோமே, எதற்கு? சாமியாரிடம் நம் பாவங்களைச் சொல்லி மன்னிப்புக் கேட்கிற பாவசங்கீர்த்தனத்துக்கு முன்னால் ஒவ்வொன்றாக நம் மேல் வைத்துப் பார்ப்பதற்கு. அடுத்த வீட்டுக்காரன் பாவத்தை அங்கே போய்ச் சொன்னால் சாமியார் நிறுத்தச் சொல்லிவிடுவார். இந்தப் பட்டியலே 4ஆம் நூற்றாண்டில் எகிப்துப் பாலைவனத்தில் வாழ்ந்த துறவிகளிடமிருந்து வந்தது, எவாக்ரியுஸ் என்பவர் 8 தீய நினைவுகள் என்று எழுதிவைத்தார், பிற்பாடு பாப்பரசர் கிரகோரியார் அதை 7 ஆக்கினார். துறவி தன் மனதோடு மல்லுக்கட்ட எழுதியதை வைத்து இவன் ஊரைத் தண்டிக்கக் கிளம்பிவிட்டான்.

ஜெனி: அந்த நூலகக் காட்சி அத்தை! காவலாளிகள் சீட்டு ஆடுவார்கள், மார்கன் ஃப்ரீமன் தனியாக இத்தாலியக் கவிஞர் தாந்தேயின் புத்தகத்தைப் புரட்டிக்கொண்டிருப்பார். தாந்தே எழுதிய உத்தரிக்கிற ஸ்தலத்தில், அதாவது செத்தவர்கள் மோட்சத்துக்கு முன் பாவக்கறை தீர்க்கிற இடத்தில், பொறாமைக்காரர்களின் இமைகளைக் கம்பியால் தைத்திருக்கும், கொடுமைதான், ஆனாலும் அது மலை, தண்டனை தீர்ந்ததும் மேலே ஏறிப் போகலாம். இவன் யாரையும் மனம் திரும்ப விடவே இல்லை.

அருள் சித்தப்பா: சரி, ஆனால் கடைசியில் தன் பாவத்தையும் சொல்கிறானே அக்கா, காய்மகாரம் என்று.

ஸ்டெல்லா அத்தை: சொன்னான், வருந்தினானா? பிராட் பிட்டின் மனைவியைக் கொன்றுவிட்டு, அவள் வயிற்றில் பிள்ளை இருந்ததையும் அவனிடமே சொல்லி, கோபத்தை மூட்டிச் சுட வைக்கிறான். கடவுள் அனுப்பியவன் மனிதனைப் பாவத்தில் தள்ளுவானா? அது சோதனைக்காரனான பிசாசின் வேலை.

ஜெனி: அவள் தலையை வைத்துக் கொலைகாரன் அனுப்புகிற பெட்டிக்குள் இருப்பதைக் காட்டவே மாட்டார்கள். மூடியைத் திறந்ததும் பின்வாங்குகிற ஃப்ரீமன் முகம் மட்டும்தான். அப்புறம் ஓடி வந்து, அவனைச் சுட்டால் அவன் ஜெயித்துவிடுவான் என்று கெஞ்சுவார் பாருங்கள், அங்கே அழுதுவிட்டேன்.

அருள் சித்தப்பா: அந்த இடத்தில் நான் இருந்தாலும் சுட்டிருப்பேன் அக்கா.

ஸ்டெல்லா அத்தை: நானும்தான் தம்பி. இன்றைக்கு ஜெபத்தில் அதைத்தான் சொல்லப் போகிறேன்.