1.6 லிட்டர் எஞ்சினில் ஆயிரம் குதிரைத்திறன் எப்படி வருகிறது?

நாமக்கல் லாரிவீடு:

வணக்கம். எங்கள் குடும்பத்தில் மூன்று லாரிகள் ஓடுகின்றன. நான் கோவையில் இயந்திரவியல் முதலாண்டு படிக்கிறேன். சென்ற மாதம் நண்பர்களுடன் செட்டிபாளையம் கரி மோட்டார் ஸ்பீட்வேயில் பந்தயம் பார்த்துவிட்டு வந்ததிலிருந்து ஒரு கேள்வி மனத்தை விட்டு நீங்கவில்லை.

அப்பாவின் லாரியில் இருப்பது 5,759 சிசி கொள்ளளவுள்ள ஆறு சிலிண்டர் டர்போ டீசல் எஞ்சின். அது நிமிடத்துக்கு 2,400 சுற்றில் 180 குதிரைத்திறனும், அதிகபட்சமாக 660 நியூட்டன் மீட்டர் முறுக்குவிசையும் தரும் என்று கையேட்டில் இருக்கிறது. அதாவது லிட்டருக்கு 31 குதிரைத்திறன். ஃபார்முலா ஒன் காரிலோ 1,600 சிசி எஞ்சினிலிருந்து ஏறத்தாழ ஆயிரம் குதிரைத்திறன் வருகிறது என்கிறார்கள். அப்படியானால் லிட்டருக்கு 600க்கும் மேல். எரிபொருள் வேறா, உலோகம் வேறா, அல்லது நான் அடிப்படையிலேயே எதையோ தவறாகப் புரிந்துகொண்டிருக்கிறேனா? தெரிந்தவர்கள் கணக்கோடு விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

கணபதி பட்டறை:

தம்பி, கேள்வியிலேயே பாதி விடையை எழுதிவிட்டீர்கள். முப்பது ஆண்டுகளாக எஞ்சின் பிரித்து, ரீபோர் செய்து, கிராங்க் கடைந்து கொடுக்கும் பட்டறை என்னுடையது. என்னிடம் வருபவர்களும் சிசியை மட்டும் பார்த்துத்தான் எஞ்சினின் பலத்தை அளக்கிறார்கள். எங்கள் தோட்டத்தில் தாத்தா காலத்தில் மாடு பூட்டிச் சாலில் (நீர் அள்ளும் கலத்தில்) கிணற்று நீர் இறைக்கும் கவலை ஏற்றம் இருந்தது. வாய்க்காலில் பாயும் நீரின் அளவு சாலின் கொள்ளளவை மட்டும் பொறுத்ததன்று. ஒரு பொழுதுக்குள் எத்தனை சால் இறைக்கிறோம் என்பதையும் பொறுத்தது. எஞ்சினில் சிசி என்பது சாலின் அளவு, ஆர்.பி.எம். (நிமிடத்துக்கு எத்தனை சுற்று) என்பது இறைக்கும் எண்ணிக்கை.

1.6 லிட்டர் எஞ்சினைச் சற்று ஒதுக்கிவைத்து, அதற்கு முன்னர் 2006 முதல் 2013 வரை இருந்த 2.4 லிட்டர் வி8 (எட்டு சிலிண்டர்) எஞ்சினை எடுத்துக்கொள்கிறேன். காற்றை அழுத்தி உள்ளே அடைக்கும் டர்போ அதில் இல்லாததால் கணக்கு தெளிவாக வரும். அது 18,000 சுற்றில் ஏறத்தாழ 750 குதிரைத்திறன் தந்தது. முறுக்குவிசையும் சுற்றும் பெருகித்தான் திறன் வருகிறது என்பதால், அந்தச் சுற்றில் அதன் முறுக்குவிசை எவ்வளவு என்று திருப்பிக் கணக்கிட்டால் 293 நியூட்டன் மீட்டர்தான், லிட்டருக்கு 122. உங்கள் அப்பாவின் லாரியில் 660ஐ 5.76ஆல் வகுத்துப் பாருங்கள்: லிட்டருக்கு 115 வரும். உலகின் மிகச் சிறந்த பொறியாளர்கள் வடித்த பந்தய எஞ்சினும், நாமக்கல்லிலிருந்து முட்டை ஏற்றிச் செல்லும் லாரி எஞ்சினும் லிட்டருக்கு ஏறத்தாழ ஒரே முறுக்கைத்தான் தருகின்றன. லாரி அதை டர்போவின் துணையோடு செய்கிறது, பந்தய எஞ்சின் வெளிக்காற்றை மட்டும் உறிஞ்சிச் செய்கிறது என்பது அதன் பெருமை. ஆனாலும் லிட்டருக்குப் பத்து மடங்கு திறன் கிடைத்ததற்கு முதற்காரணம் 2,400க்கும் 18,000க்கும் இடையே உள்ள ஏழரை மடங்கு வேறுபாடுதான்.

அப்படியானால் லாரி எஞ்சினையும் 18,000 சுற்று சுற்றவிட்டால் என்ன என்று அடுத்துக் கேட்பீர்கள். உங்கள் எஞ்சினின் ஸ்ட்ரோக் (பிஸ்டன் மேலும் கீழும் போகும் தூரம்) 113 மி.மீ. என்று வைத்துக்கொண்டால், பிஸ்டனின் சராசரி வேகம் நொடிக்கு 68 மீட்டர் ஆகிவிடும். பந்தய எஞ்சின்களே 25 மீட்டரை ஒட்டித்தான் நின்றுவிடுகின்றன. வேகத்தைவிடக் கொடியது, பிஸ்டன் மேலே போய் நின்று திரும்பும் கணத்தில் ஏற்படும் இழுவிசை. புவியீர்ப்பைப் போல 20,000 மடங்கு முடுக்கம். ஒரு கிலோ எடையுள்ள பிஸ்டன் அந்தக் கணத்தில் 20 டன் எடையாக, அதைக் கிராங்கோடு இணைக்கும் கனெக்டிங் ராடைப் பிடித்து இழுக்கும். ராடு பிளாக்கைத் துளைத்துக்கொண்டு வெளியே வந்துவிடும்.

அதனால்தான் அந்த வி8 எஞ்சினில் போர் (சிலிண்டரின் விட்டம்) 98 மி.மீ., ஸ்ட்ரோக் 40 மி.மீ.க்கும் சற்றுக் குறைவு. குட்டையான, அகன்ற சிலிண்டர். 18,000 சுற்றிலும் பிஸ்டனின் சராசரி வேகம் 24 மீட்டர்தான். பிஸ்டனைக் கால் கிலோ என்று கொண்டால் திரும்பும் இடத்தில் ராடு தாங்க வேண்டியது ஏறத்தாழ 1.8 டன். அதுவும் சாதாரணச் சுமையன்று, ஒரு நொடியில் 300 முறை வந்து போகும் சுமை. டைட்டானியம் ராடும் குறைந்த எடைப் பிஸ்டனும் ஆடம்பரத்துக்காக வந்தவை அல்ல. போர் அகன்றால் சிலிண்டர் ஹெட்டில் இடம் கிடைக்கிறது, பெரிய வால்வுகளை வைக்கலாம், குறுகிய நேரத்துக்குள் காற்று உள்ளே வந்துவிடும். ஒரே கொள்ளளவைப் பல சிறிய சிலிண்டர்களாகப் பிரிப்பதும் இதற்காகத்தான்.

அடுத்த தடை வால்வு ஸ்பிரிங். மிக வேகமாக அடிக்கும்போது எஃகுச் சுருள் தானே அதிரத் தொடங்கிவிடும். வால்வு, அதைத் தள்ளித் திறக்கும் கேமைத் தொடர்ந்து வராமல் மிதக்கும், பிஸ்டன் வந்து அதில் மோதும். 1986இல் ரெனோ நிறுவனம் சுருளை எடுத்துவிட்டு அழுத்த வாயுவையே ஸ்பிரிங்காக வைத்தது. என்னைக் கேட்டால் பந்தய எஞ்சின் வரலாற்றில் இதைவிட அழகான தீர்வு இல்லை. வாயு அதிர்ந்து களைப்பதில்லை.

ஈரோடு பொறியாளர்:

பட்டறை அண்ணா கூறியது முழுவதும் சரி. ஆனால் கேள்வியில் இருந்த 1.6 லிட்டர் எஞ்சினுக்கு அந்த விளக்கம் மட்டும் போதாது. 2014இல் வந்த அந்த வி6 டர்போ எஞ்சினுக்கு விதிப்படி 15,000 சுற்று வரை அனுமதி இருந்தும், அணிகள் பெரும்பாலும் 12,000ஐ ஒட்டியே ஓட்டின. மணிக்கு 100 கிலோ எரிபொருளுக்கு மேல் செல்லக்கூடாது என்று 2025 வரை இருந்த விதியே காரணம். 10,500 சுற்றிலேயே அந்த வரம்பு வந்துவிட்டது. அதற்கு மேல் எவ்வளவு சுற்றினாலும் எரிக்க எரிபொருள் கூடுதலாகக் கிடைக்கவில்லை, உராய்வு மட்டும் கூடியது.

ஒரு கிலோ பெட்ரோலில் ஏறத்தாழ 44 மெகாஜூல் ஆற்றல் உண்டு. மணிக்கு 100 கிலோ என்றால் உள்ளே செல்வது 1,220 கிலோவாட். 2017இல் மெர்சிடஸ் நிறுவனம் சோதனை மேடையில் 50 விழுக்காட்டுக்கு மேல் வெப்பத்திறனை (எரிபொருளின் ஆற்றலில் பயனுள்ள வேலையாக மாறும் பங்கை) எட்டியதாக அறிவித்தது. பாதி என்று கொண்டால் 610 கிலோவாட், அதாவது ஏறத்தாழ 830 குதிரைத்திறன். மீதியைத் தந்தது 120 கிலோவாட் மின்மோட்டார். ஆகவே தம்பி கேட்ட ஆயிரத்தில் 160 வரை மின்சாரத்தின் பங்கு. பெட்ரோல் எஞ்சின் மட்டும் ஆயிரம் தரவில்லை.

டர்போவின் வேலையை எளிதாகச் சொல்லலாம். காற்றை 4 பார் அழுத்தத்தில், அதாவது வெளிக்காற்றின் அழுத்தத்தைப் போல ஏறத்தாழ நான்கு மடங்கில், அடைத்தால் 1.5 லிட்டர் எஞ்சின் 6 லிட்டர் எஞ்சினுக்குரிய காற்றை விழுங்குகிறது. 1983இல் நெல்சன் பிக்கே சாம்பியன் ஆன பிரபாம் காரில் இருந்த பி.எம்.டபிள்யூ எஞ்சின் வெறும் நான்கு சிலிண்டர், 1.5 லிட்டர்; அதன் பிளாக்கின் மூலம் சாதாரணச் சாலைக் காரினுடையது. அடுத்த சில ஆண்டுகளில் தகுதிச் சுற்றுக்கு மட்டும் அழுத்தத்தை ஏற்றி அதில் ஆயிரத்துக்கும் மேல் எடுத்தார்கள். அந்த எஞ்சின்கள் பந்தயத் தடத்தைச் சில முறை சுற்றுவதற்கு மேல் தாங்கவில்லை.

எரிபொருள் பற்றியும் கேட்டிருந்தீர்கள். 1988இல் ஹோண்டா தனது டர்போ எஞ்சினுக்கு 84 விழுக்காடு டொலுவீன் கலந்த எரிபொருளைப் பயன்படுத்தியது. டொலுவீனில் மந்திரம் ஒன்றும் இல்லை. அழுத்தத்திலும் வெப்பத்திலும் நேரத்துக்கு முன் வெடித்துத் தட்டாமல் இருக்கும் குணம் அதற்கு அதிகம் என்பதுதான்.

நாமக்கல் லாரிவீடு:

இருவருக்கும் மிக்க நன்றி, அண்ணா. லிட்டருக்கு 122, 115 என்ற கணக்கை அப்பாவிடம் காட்டினேன். நம்ப மறுத்துக் கையேட்டை எடுத்துவந்து அவரே வகுத்துப் பார்த்தார். ஆனால் அவர் திருப்பி ஒரு கேள்வி கேட்டார். அந்த 750 குதிரைத்திறன் எஞ்சினைத் தகுந்த கியர்பாக்ஸோடு லாரியில் வைத்தால், மைசூருக்குப் போகும்போது திம்பம் மலையை அது ஏறுமா?

கணபதி பட்டறை:

அப்பாவின் கேள்விதான் இந்தத் திரியிலேயே சிறந்த கேள்வி. கணக்குப்படி ஏறும், 750 குதிரைத்திறனைத் தகுந்த பற்சக்கரம் வழியாகச் சக்கரத்துக்குக் கொண்டுவந்தால் எந்த ஏற்றமும் ஏற்றமே அன்று. நடைமுறையில் மலையடிவாரத்துப் பண்ணாரியைத் தாண்டிச் சில வளைவுகளுக்குள்ளேயே நின்றுவிடும். அந்த எஞ்சின் சும்மா நிற்கும்போதே 4,000 சுற்றுக்கு மேல் ஓட வேண்டும். 18,000 சுற்றில் காற்று நன்கு நிறையும்படி கேமும் காற்றுக்குழாயின் நீளமும் அமைக்கப்பட்டிருப்பதால் கீழ்ச்சுற்றில் அதற்கு இழுக்கத் தெரியாது. இருபத்தேழு கொண்டை ஊசி வளைவுகளிலும் லாரியைக் கிட்டத்தட்ட நிறுத்தித் திருப்பிக் கிளப்ப வேண்டும். ஒவ்வொரு முறையும் பத்தாயிரம் சுற்றுக்கு மேல் ஏற்றிக் கிளட்சை விட்டால் மூன்றாவது வளைவில் கிளட்ச் தட்டு கருகியிருக்கும். லாரி எஞ்சின் 1,500 சுற்றிலேயே முழு முறுக்கையும் கொடுப்பதால்தான் அப்பா பதற்றமில்லாமல் ஏறுகிறார்.

ஆயுள் இன்னொன்று. நம் கோவையின் நரேன் கார்த்திகேயன் 2005இல் ஃபார்முலா ஒன்னில் ஜோர்டான் அணிக்கு ஓட்டியபோது ஓர் எஞ்சின் இரண்டு பந்தயங்களுக்குத் தாங்க வேண்டும் என்பது அவ்வாண்டின் புதிய விதி. அதையே அன்று கடினம் என்றார்கள். இரண்டு பந்தயம் என்பது பயிற்சியையும் சேர்த்து ஆயிரத்துச் சொச்சம் கிலோமீட்டர்தான். லாரி எஞ்சினை நான் திறந்து பார்ப்பதே லட்சக்கணக்கான கிலோமீட்டருக்குப் பிறகு.

காலையில் சாவி போட்டதும் அது கிளம்பாது என்பதையும் அப்பாவிடம் சொல்லுங்கள். பிஸ்டனுக்கும் சிலிண்டருக்கும் இடையே அவ்வளவு நெருக்கமான இடைவெளி. முதலில் வெந்நீரையும் சூடான எண்ணெயையும் உள்ளே ஓட்டி, எஞ்சின் உரிய சூட்டுக்கு வந்த பிறகுதான் கிராங்கைச் சுழற்றுவார்கள்.