போதகர் டர்னர் சட்டசபைக்குப் போனது தப்பா?

கல்மண்டபம்:
போதகர்கள் சட்டசபைக்கு வந்தால் அரசியல் சுத்தமாகிவிடும் என்று போன வாரம் இங்கே ஒருவர் எழுதியிருந்தார். அவருக்காக ஹென்றி மெக்நீல் டர்னரின் கதையைச் சொல்கிறேன். அமெரிக்காவின் தென் கரோலினாவில் 1834இல் பிறந்த கறுப்பினத்தவர், ஆனால் அடிமை இல்லை. வக்கீல் அலுவலகத்தில் கூட்டிப் பெருக்கும் வேலை பார்த்தபோது அங்கிருந்தவர்களிடம் படிக்கக் கற்றுக்கொண்டார். ஆப்பிரிக்க மெதடிஸ்ட் எபிஸ்கோப்பல் சபையில் போதகரானார், உள்நாட்டுப் போரில் கறுப்பினப் படைப்பிரிவுக்கு மதகுரு. போர் முடிந்ததும் ஜார்ஜியாவுக்குப் போய் ஊர் ஊராகச் சபையையும் கட்டினார், குடியரசுக் கட்சியையும் கட்டினார். இதுவரை குறை சொல்ல ஒன்றுமில்லை. 1867-68இல் மாநிலத்துக்குப் புது அரசமைப்பு எழுத உட்கார்ந்த மாநாட்டில்தான் கோளாறு. தோற்றுப்போன தென்பகுதியின் தலைவர் ஜெபர்சன் டேவிசை மன்னிக்கச் சொல்லி மனுப் போட ஆதரவு, வரி கட்ட முடியாத பழைய பண்ணைக்காரர்களின் நிலம் ஏலத்துக்குப் போகக் கூடாது என்று பரிவு. கறுப்பினத்தவர் பதவி வகிக்கலாம் என்று வெளிப்படையாகச் சொல்லும் வரி அந்த அரசமைப்பில் இல்லாமல் போனது. அதற்கும் இவர் சண்டை போடவில்லை, நல்லெண்ணத்தை நம்பினார். பிரசங்க பீடத்தில் இருந்த பழக்கம்!

நெல்லைத்தம்பி:
அண்ணே, ஒரு வரி இல்லாததால் என்ன ஆகிவிட்டது?

சபைவாசல்:
நான் சொல்கிறேன் தம்பி. டர்னர் மேக்கன் நகரம் இருக்கும் பிப் மாவட்டத்திலிருந்து ஜெயித்து ஜார்ஜியா பிரதிநிதிகள் சபைக்கு வந்தார். 1868 செப்டம்பரில் வெள்ளை உறுப்பினர்கள் ஒன்றுசேர்ந்து, ஓட்டுப் போடும் உரிமைதான் உங்களுக்கு உண்டு, பதவியில் உட்காரும் உரிமை அரசமைப்பில் எங்கே இருக்கிறது என்று கேட்டு, ஓட்டு வாங்கி ஜெயித்து வந்த கறுப்பின உறுப்பினர்களை வெளியே தள்ளினார்கள். பார்க்க வெள்ளையராகவே தெரிந்த நாலு பேரை மட்டும் விட்டுவைத்தார்கள், அந்தக் கேவலத்தை என்னவென்று சொல்வது. வெளியேற்றும் முன் டர்னர் எழுந்து பேசிய பேச்சை வாசித்துப் பாருங்கள். கெஞ்சல் கிடையாது. நான் மனிதனா இல்லையா, மனிதன் என்றால் மனிதனுக்குரிய உரிமையைக் கேட்கிறேன் என்கிற தோரணை. போகும்போது வாசலில் காலணிச் சேற்றைத் தேய்த்து உதறிவிட்டுப் போனார். பைபிள் படித்தவர்களுக்கு அது என்ன என்று புரியும், ஏற்றுக்கொள்ளாத ஊரை விட்டுப் போகும்போது காலின் தூசியை உதறிவிடச் சொன்னார் இயேசு. அவரை ஏமாளி என்பது எனக்கு ஒப்பவில்லை, கல்மண்டபம். நம்பியவன் மேல் ஏன் பழி, ஏமாற்றியவனைக் கேளுங்கள்.

கல்மண்டபம்:
ஏமாற்றியவனைக் கேட்காமல் விட்டேனா? ஆனால் அந்தத் தவறுக்கு விலை கொடுத்தது டர்னர் மட்டும் இல்லை. அதே மாதம் 19ஆம் தேதி கமில்லா என்ற ஊரில், இந்த வெளியேற்றத்துக்குப் பின் கட்சிக் கூட்டத்துக்கு ஊர்வலமாகப் போன கறுப்பின மக்களைச் சுட்டார்கள், செத்தவர்கள் ஏறத்தாழ ஒரு டசன் பேர் இருக்கும். கூட்டத்தில் போனவர்கள் சாதாரண உழவர்கள்.

சபைவாசல்:
சுட்டவர்களுக்கு அரசமைப்பில் ஒரு வரி இருந்திருந்தால் மனம் மாறியிருக்குமா? 1869இல் ஜார்ஜியா உச்ச நீதிமன்றமே பதவி வகிக்கலாம் என்றது, அப்போதும் சபை கதவைத் திறக்கவில்லை. வாஷிங்டனில் இருந்த மத்திய அரசு தலையிட்ட பிறகு 1870இல்தான் திரும்ப உட்கார்ந்தார்கள். சொல்லில் இல்லை சிக்கல், மனதில்தான்.

ஆற்றுமணல்:
இரண்டு பேரும் சட்டசபையோடு நின்றுவிட்டீர்கள். 1880இல் பேராயரானபின் அந்த மனிதர் இன்னும் சுவாரசியம். 1885இல் ஒரு பெண்ணை உதவிக் குருவாக நியமித்தார், சபை பிறகு அதை ஏற்கவில்லை. 1898இல் கடவுள் கறுப்பினத்தவர் என்று எழுதினார். வெள்ளைக்காரன் தன் சாயலில் கடவுளை வரையும்போது நாம் ஏன் வரையக் கூடாது என்பதுதான் வாதம். பொது இடங்களில் பாகுபாடு கூடாது என்ற 1875 சட்டத்தை 1883இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் செல்லாது என்றதுதான் அவரை முற்றிலும் மாற்றியது.

கல்மண்டபம்:
ஆமாம், அந்தக் கோபத்தில்தான் கறுப்பினத்தவர் ஆப்பிரிக்காவுக்கே போய்க் குடியேறுவோம் என்ற அவர் பேச்சு இன்னும் சத்தமானது. அதற்கு முன்பே 1878இல் தென் கரோலினாவின் சார்ல்ஸ்டனிலிருந்து மேற்கு ஆப்பிரிக்காவின் லைபீரியாவுக்குக் கிளம்பிய அசோர் கப்பலுக்கு ஆசி கூறியவர் இவர். 206 பேர் ஏறினார்கள், 23 பேர் வழியிலேயே இறந்தார்கள். 1895, 96இல் இன்னும் இரண்டு கப்பல்களில் சுமார் 500 பேர் போனார்கள், பலர் காய்ச்சலிலும் பசியிலும் நொந்து திரும்பினார்கள். பேராயர் நாலு முறை ஆப்பிரிக்கா போய் வந்தார், குடியேறவில்லை. அட்லாண்டாவில் வீடு வைத்துக்கொண்டு ஏழைகளைக் கப்பலேற்றுவது எனக்கு நெருடுகிறது.

ஆற்றுமணல்:
இது மட்டும் எனக்கும் நெருடுகிறது.

சபைவாசல்:
நெருடட்டும். எல்லாரையும் கூட்டிப்போக வேண்டும் என்று அவர் கேட்கவில்லை, தன்னம்பிக்கையுள்ள ஒரு பகுதியினர் போய் ஒரு நாட்டைக் கட்டட்டும் என்றார், அது தோற்றுப்போனது. ஆனால் டேவிசுக்கு மன்னிப்புக் கேட்டவர் பின்னால் அமெரிக்கக் கொடியே கறுப்பினத்தவனுக்கு ஓர் அழுக்குக் கந்தல் என்று சொல்கிற இடத்துக்கு வந்தார் என்றால், இடையில் அந்தச் சட்டசபை வாசல் இருக்கிறது. அதைத் தாண்டிப் போகாமல் அவரை அளக்க முடியாது.

கல்மண்டபம்:
சரி, வாசல் விஷயத்தில் கொஞ்சம் இறங்கி வருகிறேன். கப்பல் விஷயத்தில் இல்லை. 1915இல் அவர் உயிர் பிரிந்தது கனடாவின் வின்ட்சரில், அமெரிக்க எல்லைக்கு ஒரு ஆறு தள்ளி. உடலைத் திரும்ப அட்லாண்டாவுக்குத்தான் கொண்டுவந்தார்கள்.